ஏணியும் பீப்பாயும்: வடசென்னையில் தாவல் ஆட்டங்கள்

வடசென்னையின் பண்பாட்டு வரலாற்றில் குத்துச்சண்டைக்கும் கேரம் பலகைக்கும் உரிய இடம் இன்று ஒருவாறு கிடைத்துவிட்டது. 2018ஆம் ஆண்டு வெளிவந்த ‘வடசென்னை’, 2021ஆம் ஆண்டு வெளிவந்த ‘சார்பட்டா பரம்பரை’ ஆகிய திரைப்படங்கள் அவ்விரு ஆட்டங்களையும் பிற பகுதியினரும் அறியச் செய்தன. 2024இல் அமெரிக்காவில் நடைபெற்ற கேரம் உலகக் கோப்பைப் போட்டியில் புதுவண்ணாரப்பேட்டையைச் சேர்ந்த காசிமா மூன்று தங்கப் பதக்கங்களை வென்று திரும்பியபோது நாளிதழ்கள் அப்பகுதியின் பெயரைப் பெருமையுடன் அச்சிட்டன. ஆயின், இராயபுரம் முதல் எண்ணூர் வரையிலான தெருக்களில் ஒரு தலைமுறைச் சிறுவர்தம் மாலைப் பொழுதுகளை ஆண்ட வேறோர் ஆட்டம், நினைவாக மட்டுமே எஞ்சி, எழுத்தில் ஏறாமல் மறைந்து வருகின்றது. தொலைக்காட்சிப் பெட்டியோடு ஒரு சிறு கருவியை இணைத்து ஆடப்பட்ட தாவல் ஆட்டமே அது.

தாவல் ஆட்டம் என ஈண்டுக் குறிக்கப்பெறுவது, ஓடியும் தாவியும் ஒரு தளத்திலிருந்து மற்றொரு தளத்துக்குச் சென்று, பள்ளத்தில் வீழாமல் எல்லையை அடையும் வகை வீடியோ விளையாட்டாகும். கதை என்று சொல்லத்தக்கது இதில் மிகச் சிறிதே. குழாய் பழுது பார்க்கும் தொழிலாளி ஒருவன் காளானைத் தின்று பெரியவனாகின்றான். ஆமையை மிதித்து அதன் ஓட்டை உதைத்துத் தள்ளுகின்றான். தலைக்கு மேலுள்ள செங்கல்லை முட்டி நாணயம் பெறுகின்றான். ஒரு குழாய்க்குள் இறங்கி வேறோர் இடத்தில் எழுகின்றான். இவை ஏன் நிகழ்கின்றன என்று வினவுவார்க்கு விடை கிடையாது. வினவுவதற்கு நேரமும் கிடையாது. அடுத்த பள்ளம் அதற்குள் வந்துவிடுகின்றது.

இப்பொருந்தாமையைக் கண்ட பெரியோர் அன்று இதனைப் பொருளற்ற கூத்து என்றும், கண்ணைக் கெடுக்கும் அயல்நாட்டுச் சரக்கு என்றும் ஒதுக்கினர். தமிழாசிரியர்களும் அப்பெரியோருள் அடங்குவர். நூற்பயன் அறம், பொருள், இன்பம், வீடு அடைதல் எனப் பயின்று வந்தோர்க்கு ஆமையை மிதிப்பதால் அடையும் பயன் யாதென விளங்காமற் போனதில் வியப்பில்லை. எனினும், தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் உவகை பிறக்கும் நிலைக்களன்களாகச் செல்வம், புலன், புணர்வு என்பவற்றோடு விளையாட்டையும் சேர்த்தே எண்ணுகின்றது. நகை பிறக்கும் நிலைக்களன்களுள் பேதைமையையும் மடனையும் வைக்கின்றது. விளையாட்டும் பேதைமையும் ஒரே களத்தில் கூடுமாயின் அங்கே பிறப்பது யாது என்ற வினாவை அவ்வியலைப் பாடம் சொல்லுவோரே எழுப்பியிருக்கலாம். எழுப்பவில்லை.

இவ்வகை ஆட்டத்தின் தோற்றம் ஒரு வணிகத் தோல்வியில் உள்ளது. ஜப்பானின் நிண்டெண்டோ நிறுவனம் ‘ரேடார் ஸ்கோப்’ என்னும் நாணயப்பொறி ஆட்டத்தை அமெரிக்காவுக்குக் கப்பலேற்றியது. அது விலைபோகாமல், ஏறத்தாழ 2000 பொறிகள் கிடங்கில் தேங்கின. தேங்கிய பொறிகளுக்குள் பொருத்துவதற்கு வேறோர் ஆட்டத்தை உருவாக்கும் பணி, தொழிற்பொருள் வடிவமைப்புப் பயின்ற மியாமோட்டோ சிகெரு என்னும் இளைஞரிடம் ஒப்படைக்கப்பட்டது. 1981இல் வெளிவந்த அவ்வாட்டத்தின் பெயர் ‘டாங்கி காங்’. ஒரு குரங்கு பெண்ணொருத்தியைத் தூக்கிக்கொண்டு கட்டடச் சாரத்தின் உச்சியில் நிற்கின்றது; கீழே நிற்கும் தச்சன், மேலிருந்து உருண்டு வரும் பீப்பாய்களைத் தாவிக் கடந்து ஏணி வழியே ஏற வேண்டும். அத்தச்சனுக்கு அன்று பெயரும் இல்லை. ‘தாவுபவன்’ என்ற பொருள்பட ‘ஜம்ப்மேன்’ என்றே குறித்தனர். கிடங்கு உரிமையாளரான மாரியோ செகாலி என்பவரின் பெயரே பின்னர் அவனுக்குச் சூட்டப்பட்டது. கிடங்கில் தேங்கிய சரக்குக்குப் பிறந்த ஆட்டம், கிடங்குக்காரரின் பெயரைத் தாங்கி உலகெங்கும் சென்றது.

அவன் முகத்தில் உள்ள மீசைக்கும் தலையில் உள்ள தொப்பிக்கும் கூட அழகியற் காரணம் இல்லை. அன்றைய திரையில் ஓருருவத்துக்குக் கிடைத்த புள்ளிகள் சிலவே. வாயை வரைய இடமில்லாததால் மீசை; முடி அசைவதைக் காட்ட இயலாததால் தொப்பி; கை வீசுவது தெரிய வேண்டும் என்பதற்காகத் தோள்வார் வைத்த தொழிலாளர் உடை. யாப்பின் இறுக்கம் கவிஞனுக்குச் சொல்லைத் தேடித் தருவதைப் போன்றதே இதுவும். கவிஞர்க்கு இதனை விரித்துரைக்க வேண்டியதில்லை.

‘டாங்கி காங்’ ஆட்டத்தின் நான்கு நிலைகளையும் சற்று நின்று நோக்குவது தகும். முதல் நிலையில் சாய்ந்த இரும்பு உத்தரங்களும் பீப்பாய்களும். இரண்டாம் நிலையில் சரக்கை ஏந்தி ஓடும் பட்டைகள். மூன்றாம் நிலையில் ஓயாது ஏறியிறங்கும் மின்தூக்கிகள். நான்காம் நிலையில் உத்தரங்களைப் பிணைக்கும் தறையாணிகளை ஒவ்வொன்றாக நீக்கிக் குரங்கை வீழ்த்த வேண்டும். உத்தரம், ஓடுபட்டை, தூக்கி, தறையாணி என்னும் நான்கும் சேர்ந்தால் அது ஜப்பானியக் கற்பனை மட்டும் அன்று. துறைமுகத்துக்கும் எண்ணூருக்கும் இடைப்பட்ட நிலத்தின் நாள்தோறும் காணும் காட்சி. 1955 முதல் லேலண்டு பெயரைத் தாங்கி லாரி செய்த எண்ணூர்த் தொழிற்சாலை, திருவொற்றியூரின் என்ஃபீல்டு மோட்டார் சைக்கிள் தொழிற்சாலை, விம்கோ தீப்பெட்டித் தொழிற்சாலை, மணலியின் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலை, 1970இல் மின்னுற்பத்தி தொடங்கி 2017இல் மூடப்பட்ட எண்ணூர் அனல்மின் நிலையம், இவற்றுக்குத் தென்கோடியில் பாரந்தூக்கிகள் வரிசையிட்ட துறைமுகம் என இவ்வட்டாரம் முழுவதும் ஏறுவோரும் இறக்குவோரும் நிறைந்தது. ஆலைச் சங்கு ஊதிய நேரத்துக்கு எழுந்து, ஊதிய நேரத்துக்கு உண்டு, ஊதிய நேரத்துக்கு வீடு திரும்பியோரின் பிள்ளைகளே பின்னாளில் இவ்வாட்டத்தின் முன் அமர்ந்தனர். (விளையாட்டுப் பொருளுக்கும் இப்பகுதிக்கும் உள்ள உறவு அதற்கும் முந்தியது. 1946இல் திருவொற்றியூரில் ஒரு கொட்டகையில் குழந்தைகளுக்கான பலூன் செய்யத் தொடங்கிய முயற்சியே எம்.ஆர்.எஃப். என்னும் டயர் நிறுவனமாக வளர்ந்தது.)

ஆகவே, இவ்வாட்டத்தின் ஈர்ப்பினை, உழைப்பு நிலத்தை மறந்து கனவு நிலத்துக்கு ஓடுதல் என்று மட்டும் விளக்குவது பொருந்தாது. ஓடிச் சென்ற இடத்திலும் உத்தரமும் பீப்பாயுமே இருந்தன. தந்தையர் ஏறிய ஏணியில்தான் பிள்ளைகளும் ஏறினர். ஆனால் ஏறும் முறை வேறு, வீழும் முறை வேறு. இவ்வேறுபாட்டில்தான் ஈர்ப்பின் வேர் உள்ளது.

ஏணி என்றவுடன் தமிழர்க்கு நினைவுக்கு வருவது பரமபத சோபான படம். வைகுண்ட ஏகாதசி இரவில் கண்விழிப்போர் தாயக்கட்டையை உருட்டி, ஏணியில் ஏறியும் பாம்பின் வாயில் அகப்பட்டு இறங்கியும் ஆடுவது அது. அங்கே ஏணி ஒவ்வொன்றும் ஒரு நற்பண்பு. பாம்பு ஒவ்வொன்றும் ஒரு தீவினை. ஏறுவதும் இறங்குவதும் ஆடுவோர் கையில் இல்லை. கட்டையின் கையில் உள்ளது. ஊழையும் அறத்தையும் ஒரே துணியில் வரைந்து காட்டிய அந்த ஆட்டத்தோடு ஒப்பிட, ‘டாங்கி காங்’ ஏணியில் அறம் ஏதும் இல்லை. பீப்பாய் வெறும் பீப்பாய். அது எவர் வினைக்கும் பயன் அன்று. அதனைத் தாவ முடிந்தவன் ஏறுவான், முடியாதவன் வீழ்வான். வீழ்ந்தவனிடம், ‘நீ முற்பிறப்பில் என்ன செய்தாய்’ என்று எவரும் கேட்பதில்லை. மீண்டும் முதற்படியில் கொண்டுபோய் நிறுத்துகின்றனர், அவ்வளவே. குலமும் தெருவின் பெயரும் சொல்லிப் பழக்கப்பட்ட ஓர் ஊரில் இது சிறிய விடுதலை அன்று.

நாணயப்பொறி வடிவில் பொருட்காட்சித் திடல்களில் அன்றி இவ்வாட்டம் வடசென்னைக்குப் பெரிதும் எட்டவில்லை. வீட்டுக் கருவியாக மாறிய பின்னரே எட்டியது. 1983 ஜூலையில் நிண்டெண்டோ தன் ‘ஃபாமிகாம்’ கருவியை ஜப்பானில் வெளியிட்டது. அவ்வாண்டின் இறுதியில் சென்னைத் துறைமுகத்தில் நாட்டின் முதல் தனிக் கன்டெய்னர் முனையம் திறக்கப்பட்டது. இரண்டுக்கும் நேரடித் தொடர்பு கிடையாது. ஆயினும் இவ்வட்டாரத்தின் வரலாற்றில் இரண்டையும் அருகருகே வைத்தே காண வேண்டும். மூட்டையும் பீப்பாயும் சுமந்து கூட்டமாக ஏற்றியிறக்கிய தொழிலாளர்களின் வேலையை இரும்புப் பெட்டி மெல்ல மெல்ல வாங்கிக்கொண்டது. பீப்பாய் துறைமுகத்திலிருந்து அரிதாகிய காலத்தில், திரையில் உருளத் தொடங்கியது.

இக்கருவி மக்களிடம் வந்து சேர்ந்த வழி பர்மா பஜார் வழியாகும். 1962இல் பர்மாவில் நெ வின் ஆட்சியைக் கைப்பற்றியதும், தொடர்ந்து வணிகம் அரசுடைமையாக்கப்பட்டதும், அங்கே தலைமுறைகளாக வாழ்ந்த தமிழரைக் கப்பலேற்றித் தாயகம் அனுப்பின. அவர்களுள் பலர் வியாசர்பாடியிலும் எண்ணூரிலும் குடியமர்ந்தனர். அவர்தம் பிழைப்புக்கென 1969இல், கடற்கரை இரயில் நிலையத்தை ஒட்டித் துறைமுக மதிலோரமாக எழுந்த கடைவரிசையே பர்மா பஜார். வெளிநாட்டுப் பொருள் என்றால் மாலுமிகளும் பயணிகளும் கொண்டுவருவதே என்றிருந்த நாளில், அக்கடைகள் கைக்கடிகாரம், வானொலி, ஒலிப்பதிவுக் கருவி எனப் பலவும் விற்றன. சுங்கச் சாவடியைக் கண்டும் காணாமலும் வந்த சரக்குகளோடு வீடியோ விளையாட்டுக் கருவியும் வந்தது. இழந்த நாட்டிலிருந்து கையில் கிடைத்ததோடு வந்திறங்கியோர் தொடங்கிய கடைவீதி, ஒரு தலைமுறை கழித்து, உயிர் போனால் உடனே மீளலாம் என்னும் ஆட்டத்தை ஊருக்கு விற்றது என்பது வரலாற்றின் விந்தைகளுள் ஒன்று.

வந்தவை பெரும்பாலும் அசற்கருவிகள் அல்ல. தைவானிலும் ஹாங்காங்கிலும் ‘ஃபாமிகாம்’ கருவியைப் பார்த்துச் செய்யப்பட்ட படிகள் அவை. இந்தியாவில் சாமுராய், மீடியா முதலிய பெயர்களில் விற்கப்பட்டவற்றையும் பலர் நினைவுகூர்வர். ஆட்டம் அடங்கிய பெட்டியைச் சிறுவர் ‘கேசட்’ என்றனர். ஒரே கேசட்டில் ஆயிரக்கணக்கான ஆட்டங்கள் என்று மேலட்டை கூறும். உள்ளே பார்த்தால் சில பத்து ஆட்டங்களே பெயரும் நிறமும் மாறித் திரும்பத் திரும்ப வரும். படம் வராவிட்டால் கேசட்டைக் கழற்றி வாயால் ஊதி மீண்டும் செருகுவது வழக்கம். அதனால் பயன் உண்டா என்பது வேறு வினா. ஊதாமல் செருகியவர் எவரும் இலர்.

வீட்டில் கருவி வாங்க இயலாதோர்க்குத் தெருக்கடைகள் இருந்தன. 1991ஆம் ஆண்டுப் பொருளாதார மாற்றங்களுக்குப் பின் இறக்குமதி எளிதானதும், ஒரு முன்னறையில் இரண்டு மூன்று தொலைக்காட்சிப் பெட்டிகளை வைத்து, நேரக்கணக்கில் வாடகைக்கு ஆடவிடும் கடைகள் சென்னைத் தெருக்களில் பெருகின. கருவியில் ஆடுவோர் இருவர். சுற்றி நிற்போர் பதின்மர். நிற்போர்க்குக் கட்டணம் இல்லை. அவர்கள் வெறுங்கையராய் நின்றாலும் வாய் சும்மா இருப்பதில்லை. ‘தாவு, தாவு’ என்னும் குரல் கடைக்கு வெளியேயும் கேட்கும்.

அங்கே முடிசூடிய ஆட்டம் 1985 செப்டம்பரில் வெளியான ‘சூப்பர் மாரியோ பிரதர்ஸ்’ என்பதாகும். மியாமோட்டோவும் டெசுகா தகாஷியும் வடிவமைத்து, கொண்டோ கோஜி இசையமைத்தது. முழு ஆட்டமும் 40 கிலோபைட் அளவுக்குள் அடங்கியது. இன்று கைப்பேசியில் அனுப்பப்படும் ஒரு சாதாரண நிழற்படத்தினும் சிறியது. இடம் போதாமையால் மேகமும் புதரும் ஒரே வடிவம். வெண்மை பூசினால் மேகம், பச்சை பூசினால் புதர். எட்டு உலகங்கள், உலகம் ஒன்றுக்கு நான்கு கட்டங்கள், ஆக 32 கட்டங்கள்.

‘டாங்கி காங்’ முதல் ‘சூப்பர் மாரியோ’ வரையிலான நான்காண்டுகளில் நிகழ்ந்த பெருமாற்றம் ஒன்றுண்டு. 1981இல் அத்தச்சன் தன் உயரத்துக்கு மேற்பட்ட ஆழத்தில் வீழ்ந்தால் இறந்துபோவான். தாவிய பின் திசைமாற்றவும் அவனால் இயலாது. சாரத்தில் நிற்கும் மெய்யான தொழிலாளியின் நிலை அதுவே. 1985இல் அவனே எவ்வளவு உயரத்திலிருந்து வீழ்ந்தாலும், கீழே தரை இருக்குமாயின், ஒன்றும் நேராது எழுந்து ஓடுகின்றான். தாவிக் காற்றில் இருக்கும்போதே பின்வாங்குகின்றான். பொத்தானை அழுத்தி வைத்த அளவுக்கு ஏற்பத் தாவலின் உயரமும் கூடிக் குறைகின்றது. இயற்கை விதி முழுவதும் குலைந்துவிட்டது. ஆனால் குலைந்த விதியும் ஒரு விதியாகவே, ஒவ்வொரு தாவலிலும் மாறாமல் நிற்கின்றது. நம்பத்தகாத உலகம், நம்பத்தக்க தாவல். இவ்விரண்டும் சேர்ந்ததே இவ்வாட்டத்தின் இன்பம்.

அதன் முரண் கதையையும் வேகத்தையும் தனித்தனியே நோக்குவோர் இதனைத் தவறவிடுவர். காளானுக்கும் உடல் பெருப்பதற்கும் காரண காரியம் காட்டத் தொடங்கினால் ஓட்டம் நின்றுபோகும். காரணம் கேளாமையால்தான் கை முந்துகின்றது. ஆட்டத்தின் தொடக்கத்திலேயே ஒரு சிறு பகை எதிரே நடந்து வருகின்றது. ஒன்றும் செய்யாமல் நின்றால் அது மோதி ஆடுபவன் உயிர் இழக்கின்றான், இழந்த சில நொடிகளில் மறுபடியும் அதே இடத்தில் நிற்கின்றான், இம்முறை தாவுகின்றான். எழுத்தில்லை, விளக்கமில்லை, ஆங்கிலம் அறிய வேண்டியதில்லை. பள்ளியில் ஆங்கிலப் பாடம் வரும்போது தலைகுனிந்த சிறுவன், அதே மாலையில், சொல்லே வேண்டாத இப்பாடத்தில் முதல்வனாகக் கூடும்.

கவிஞர் கூட்டத்தில் இதற்கு ஒப்புமை தேடின் ஆசுகவியைச் சுட்டலாம். கொடுத்த ஈற்றடி, கொடுத்த பாவகை, கொடுத்த பொழுது. பொருள் பொருந்தாதது ஆயினும் ஆகட்டும், தளை தட்டக் கூடாது. காளமேகத்தின் பெயரில் வழங்கும் தனிப்பாடல்கள் தரும் மகிழ்ச்சி, கருத்தின் ஆழத்தால் மட்டும் வருவதன்று. வீழ்ந்துவிடுவார் என எதிர்பார்த்த இடத்தில் அவர் வீழாமல் கடப்பதால் வருவது. சீர் ஒன்று பிறழ்ந்தாலும் வெண்பா வெண்பாவாகாது என்னும் கண்டிப்பு இல்லையேல் அந்தச் சிரிப்பும் இல்லை. ‘மாரியோ’ ஆடுவோரைச் சுற்றி நின்றோர் எழுப்பிய ஆரவாரம் அவையோர் எழுப்பும் ஆரவாரத்தோடு ஓரினம். இவ்வொப்புமையை இதற்கு மேல் நீட்டினால் தளை தட்டும்.

கடைக்குள் புகுந்த சிறுவர் அதற்குமுன் எங்கே ஆடினர் என்பதும் வரலாற்றில் சேர வேண்டியது. அவர்தம் தந்தையரும் பாட்டனாரும் மணலில் ஆடினர். திருவொற்றியூர்க் கடற்கரையில் பட்டினத்தடிகளைப் பற்றி வழங்கும் கதை யாவரும் அறிந்தது. துறவு நிறைந்த அப்பெரியார் கடைசி நாட்களில் மணற்கரையில் சிறுவரோடு ஆடினார் என்றும், தம்மை மூடச் சொல்லி மறைந்து வேறோர் இடத்தில் வெளிப்பட்டார் என்றும், பலமுறை அவ்வாறு ஆடியபின் ஒருமுறை மூடியதைத் திறந்தபோது சிவலிங்கமாக இருந்தார் என்றும் கூறுவர். மூடியது சால் என்றும் கூடை என்றும் மணற்குழி என்றும் சொல்வார்க்கேற்பப் பாடம் வேறுபடும். ஓரிடத்தில் இறங்கி மற்றோரிடத்தில் எழும் விளையாட்டு இக்கரைக்கு ஜப்பானிலிருந்து வந்துதான் தெரிய வேண்டும் என்பதில்லை. உடலின் அழியும் தன்மையை அத்துணைக் கடுமையாகப் பாடியவரின் வாழ்வுக் கதையை முடிக்க வேண்டியபோது, தமிழ் மக்கள் மனம் தேர்ந்தது சமாதியில் அமர்தலை அன்று, சிறுவரோடு கண்ணாமூச்சி ஆடுதலை. இச்செய்தி போதிய அளவு சிந்திக்கப்படவில்லை என்றே சொல்ல வேண்டும்.

அந்த மணல் இன்று இல்லை. 19ஆம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில் துறைமுகத்துக்காகக் கட்டப்பட்ட அலைத்தடுப்புச் சுவர்கள், தெற்கிலிருந்து வடக்கு நோக்கிச் செல்லும் கடல்மணலை வழிமறித்தன. தெற்கே மணல் குவிந்து மெரினா அகன்றது. வடக்கே இராயபுரம் முதல் எண்ணூர் வரை கடல் கரையை அரித்தது. மீனவர் குப்பங்களின் வீடுகளும் தெருக்களும் அலைக்கு இரையாயின. அரிப்பைத் தடுக்கக் கருங்கற்கள் கொட்டப்பட்டன. பின்னர்க் குறுந்தடுப்புச் சுவர்களும் எழுந்தன. தென்சென்னைச் சிறுவன் பட்டம் விட்டு மகிழும் மெரினாவின் மணலில் வடசென்னைச் சிறுவன் இழந்த திடலும் கலந்திருக்கின்றது என்று கூறினால் அது மிகையன்று, கடலியல். மணல் இருந்த இடத்தில் கருங்கல்லும், கருங்கல்லுக்கு இப்பால் கன்டெய்னர் லாரிகள் ஓடும் நெடுஞ்சாலையும் வந்தபின், ஓடவும் தாவவும் எஞ்சிய இடம் ஓர் அறையின் மூலையில் ஒளிர்ந்த திரையே. கால் தாவ இயலாத ஊரில் கட்டைவிரல் தாவிற்று. இதனை வெளிநாட்டு மோகம் என்று பெயரிட்டு முடித்துவிடுவது, கரையை யார் கொண்டுபோனார் என்ற கேள்வியை மறைப்பதாகும்.

அந்த அறைக்குள் பெண்பிள்ளைகள் இல்லை. இவ்வரலாற்றைப் பெருமிதத்தோடு சொல்லும் ஆடவர் இவ்வுண்மையைக் கடந்து செல்வதே வழக்கம். தெருக்கடை சிறுவர்க்கு உரியது. சிறுமி அங்கே சென்றால் தம்பியை அழைத்துவரவே செல்வாள், வாசலிலேயே நிற்பாள். ஆண்பாற் பிள்ளைத்தமிழின் இறுதிப் பருவங்கள் சிற்றில் சிதைத்தலும் சிறுபறை முழக்கலும் சிறுதேர் உருட்டலுமாகவும், பெண்பாற் பிள்ளைத்தமிழின் இறுதிப் பருவங்கள் அம்மானையும் நீராடலும் ஊசலுமாகவும் அமைந்ததை ஈண்டு நினைக்கலாம். ஆணின் ஆட்டம் தெருவில் ஓடும். பெண்ணின் ஆட்டம் ஓரிடத்திலேயே எழுந்து விழும். திரையிலும் அதுவே: ‘டாங்கி காங்’ ஆட்டத்தில் உச்சியில் நின்று உதவி கேட்பதே பெண்ணுக்குத் தரப்பட்ட தொழில்; ‘சூப்பர் மாரியோ’வில் அவள் எட்டாம் உலகத்தின் கடைசிக் கோட்டையில் காத்திருக்கின்றாள். வீட்டில் கருவி இருந்த சிறுமியர் மட்டும் நண்பகலில், உடன்பிறந்தான் இல்லாத வேளையில் ஆடினர். அவருள் திறமிக்கோர் எத்தனை பேர் என்பதற்குச் சுற்றி நின்று கூவிய சாட்சி இல்லை.

ஆட்டத்தின் மொழிக்கும் ஒரு சொல். ‘ஸ்டேஜ்’, ‘அவுட்’, ‘லைஃப்’ என்னும் சொற்கள் அக்கடைகளிலிருந்து தெருவாட்டங்களுக்கும் பரவின. ‘எனக்கு இன்னும் இரண்டு லைஃப் இருக்கிறது’ என்று சொல்லும் சிறுவன் உயிரை எண்ணத்தக்க பொருளாக்கிவிட்டான் எனத் தத்துவம் பயின்றோர் வருந்தலாம். ஆனால் சடுகுடுவில் பிடிபட்டு வெளியேறியவன், தன் அணி எதிரியை வீழ்த்தியதும் உயிர் பெற்று உள்ளே வருவது நம் பழைய வழக்கமே. இருவர் ஆடும்போது ஒருவன் வீழ்ந்தால் அடுத்தவன் முறை வரும். வீழ்ச்சி என்பது கையிலிருந்த கருவியைத் தோழனுக்குக் கொடுக்கும் தருணமாகவும் இருந்தது. ஆலையில் ஒருவர் வீழ்ந்தால் அடுத்தவர்க்கு முறை வருவதில்லை, கதவே மூடிவிடும் என்பதை அச்சிறுவர் பின்னாளில் அறிந்தனர். 1996இல் பின்னி ஆலை மூடப்பட்டபோது அதன் தொழிலாளர்க்கு இரண்டாம் ‘லைஃப்’ எவரும் வைத்திருக்கவில்லை.

ஆட்டத்தை நடுவில் நிறுத்திச் சேமித்து வைக்கும் வசதி ‘சூப்பர் மாரியோ’வில் கிடையாது. ஏழாம் உலகத்தை எட்டியவனும் மின்சாரம் போனால் முதல் உலகத்தில் முதற்படியில் நிற்க வேண்டும். எண்ணூரிலும், 1994 முதல் அத்திப்பட்டிலும் அனல்மின் நிலையங்கள் புகையையும் சாம்பலையும் இவ்வூர்க் காற்றிலும் கழிமுகத்திலும் விட்டு மாநிலத்துக்கு மின்சாரம் ஈந்தன. மின்வெட்டு மட்டும் இவ்வூரைத் தவிர்த்துச் சென்றதில்லை. 2006இல் தொடங்கிய இலவச வண்ணத் தொலைக்காட்சித் திட்டத்தால் வீடுதோறும் திரை வந்தபோது, சில நூறு ரூபாய்க் கருவிகள் கடைவீதி எங்கும் கிடைத்தன. ஆயினும் அதற்குள் தெருக்கடைகளின் காலம் சாயத் தொடங்கியிருந்தது. கணிப்பொறி மையங்களில் துப்பாக்கி ஆட்டங்கள் வந்தன. பின்னர்க் கைப்பேசி யாவற்றையும் விழுங்கியது.

கைப்பேசியிலும் தாவல் ஆட்டம் அழியவில்லை. 2012இல் வெளிவந்த ‘சப்வே சர்ஃபர்ஸ்’ ஆட்டத்தில் ஒரு சிறுவன் தண்டவாளங்களின் மேல் ஓடி, எதிர்வரும் இரயில் பெட்டிகளின் மீது தாவித் தப்புகின்றான். தெருவை அடுத்துத் தண்டவாளம் ஓடும் கொருக்குப்பேட்டைச் சிறுவனுக்கு இதில் புதுமை குறைவு. ஆனால் அவ்வோட்டத்துக்கு எல்லை கிடையாது. 32ஆம் கட்டம் என ஒன்றில்லை, வீழும்வரை ஓடுவதே ஆட்டம், வீழ்ந்தால் விளம்பரம். கூடி நின்று கூவுவார் இல்லை. இவற்றினும் வேறானவை பணம் வைத்தாடும் இணைய ஆட்டங்கள். அவற்றால் தமிழ்நாட்டில் உயிர்கள் பலியானதும், அவற்றைத் தடைசெய்யச் சட்டமன்றம் 2022இல் சட்டமுன்வடிவு நிறைவேற்றியதும், 2023இல் அது சட்டமானதும் அண்மை வரலாறு. அவ்வாட்டங்களையும் ஆமையை மிதிக்கும் ஆட்டத்தையும் ‘வீடியோ கேம்’ என ஒரே சொல்லால் ஒதுக்குவது நேர்மையன்று. ஒன்று ஆடுவோனின் வீழ்ச்சியில் பணம் பண்ணுவது. மற்றொன்று வீழ்ச்சியைச் சிரிப்பாக்கியது.

அன்று கடைகளில் ‘மாரியோ’வுக்கு அடுத்தபடியாகக் கூட்டம் சேர்த்தது, கோனாமி நிறுவனத்தின் ‘கான்ட்ரா’. 1987இல் நாணயப்பொறியாக வந்து 1988இல் வீட்டுக் கருவிக்கு மாறியது, ஓடித் தாவிச் சுடும் ஆட்டம், மிகக் கடினமானது. அதன் முகப்பில் மேல், மேல், கீழ், கீழ், இடம், வலம், இடம், வலம் எனத் தொடங்கிப் பொத்தான்களை முறையாக அழுத்தினால் மூன்று உயிர்க்கு மாறாக முப்பது உயிர் கிடைக்கும். ஹாஷிமோட்டோ கசுஹிசா என்னும் நிரலாளர், ‘கிரேடியஸ்’ என்னும் 1986ஆம் ஆண்டு ஆட்டத்தைத் தாமே சோதித்து முடிக்க இயலாமல், தம் வசதிக்காக வைத்துக்கொண்ட குறுக்குவழி இது. நீக்க மறந்ததால் உலகறிந்தது. அவர் 2020இல் மறைந்தார். கியோத்தோவையும் டோக்கியோவையும் படத்திலும் கண்டிராத சிறுவர், கடைக்காரரோ மூத்த மாணவரோ சொல்லக் கேட்டு, நூலின்றி எழுத்தின்றி வாய்வழியாக அம்முறையைக் கற்றனர். இன்று நாற்பது அகவையைக் கடந்து, துறைமுகத்திலும் பட்டறைகளிலும் அலுவலகங்களிலும் பணிபுரியும் அவர்களிடம் அவ்வரிசையைச் சொல்லச் சொன்னால் நடுவில் ஓரிடத்தில் நா தடுமாறும். கையில் கருவியைக் கொடுத்தால் கட்டைவிரல் தடுமாறுவதில்லை.